குழந்தையின் பெயருக்குச் சொல்லப்படும் பொருள் சரிதானா? பார்ப்பது எப்படி?

ரோகிணியில் பிறந்த குழந்தைக்கு ‘வ, வி’ என்று எழுத்துக் குறித்துக் கொடுத்துவிடுகிறார்கள். அன்றிரவே பெற்றோர் கைப்பேசியில் பெயர்ப் பட்டியல்களைப் புரட்டத் தொடங்குகிறார்கள். அங்கே பாதிப் பெயர்களுக்கு ‘ஒளி’, மீதிக்கு ‘இறைவனின் பரிசு’. ஒன்றைப் பார்த்து ஒன்று எழுதியவை. பத்துப் பட்டியல்கள் ஒரே பொருளைச் சொன்னாலும் அது ஒரே சாட்சிதான். இங்கே மலேசியாவின் பினாங்கில் பிறப்பைப் பதிய 60 நாள் அவகாசம் உண்டு. சரிபார்க்க ஒரு மாலைப்பொழுது போதும்.

முதல் படி: பெயரைத் தமிழில் எழுதுங்கள்.
தேசியப் பதிவு இலாகாவில் பெயர் ரோமன் எழுத்தில் பதிவாகிறது. குழப்பம் அங்கேதான் பிறக்கிறது. மாறன் என்றால் பாண்டியன், மாரன் என்றால் மன்மதன். ரோமனில் இரண்டும் ஒன்றே. கப்பித்தான் கிளிங் பள்ளிவாசலுக்குத் தொழப் போகும் நம் தமிழ் முஸ்லிம் குடும்பங்களுக்கும் இதே சிக்கல்தான். அரபியில் ஹாமித் புகழ்பவர், ஹமீத் புகழுக்குரியவர். மலாய் எழுத்துக்கூட்டலில் வேறுபாடு மறைந்துவிடுகிறது. எண்கணிதத்துக்காகக் கூட்டிய எழுத்து இருந்தால் அதையும் நீக்கிவிடுங்கள். எண்கணிதத்தோடு எனக்குச் சண்டையில்லை; அகராதிக்கு அது தெரியாது, அவ்வளவுதான்.

இரண்டாம் படி: எந்த மொழிப் பெயர் என்று பாருங்கள்.
ர, ல, ட ஆகியவற்றில் தமிழ்ச்சொல் தொடங்குவதில்லை. எனவே ‘தூய தமிழ்ப் பெயர்’ என்ற தலைப்பின்கீழ் லாவண்யா இருந்தால் அந்தப் பட்டியலை மூடிவிடலாம். ஆனால் மற்ற எழுத்தில் தொடங்குவதெல்லாம் தமிழும் அல்ல: மித்ரன் வடமொழி.

மூன்றாம் படி: விகுதியைக் கழித்து வேரைத் தேடுங்கள்.
முகிலன் என்று தேடாமல் முகில் என்று தேடுங்கள். சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை தொகுதி தொகுதியாக வெளியிட்ட தமிழ்ப் பேரகராதி, சிகாகோ பல்கலைக்கழகத் தளத்தில் இலவசமாகக் கிடைக்கிறது. வடமொழிப் பெயருக்கு மோனியர் வில்லியம்ஸின் 1899 அகராதி, கொலோன் பல்கலைக்கழகத் தளத்தில். ஒரு பட்டியல் மித்ரனை நண்பன் என்கிறது, இன்னொன்று சூரியன் என்கிறது. அகராதியில் இரண்டும் இருக்கின்றன, சண்டை வேண்டாம். யாழினிக்கு யாழ் என்ற வேர் உறுதி. ‘யாழைவிட இனியவள்’ என்பது பெயர் வைத்தவர்களின் ஆசை. நல்ல ஆசைதான், ஆனால் அகராதிப் பொருள் என்று சொல்லிக்கொள்ள வேண்டாம்.

வேர் இரண்டு அகராதிகளிலும் அகப்படவில்லையா? பெயர் கடல் கடந்து வந்திருக்கலாம். கியாரா இத்தாலியப் பெயரானால் லத்தீன் வேரின்படி ஒளிமிக்கவள். ஏறக்குறைய அதேபோல் எழுதப்படும் அயர்லாந்துப் பெயரோ ‘கரிய’ என்ற சொல்லிலிருந்து வந்தது. எந்தக் கியாரா என்று பெற்றோர்தான் முடிவுசெய்ய வேண்டும்.

கடைசிப் படி: மலாய்க் காதுக்கு எப்படிக் கேட்கும் என்று பாருங்கள்.
மதி நமக்கு நிலவு, அறிவு. ரோமனில் ‘எச்’ விட்டுப்போனால் மலாயில் அது ‘இறந்த’ என்றாகிவிடும். பள்ளியில் அந்தப் பிள்ளை தினமும் கேட்க வேண்டியிருக்கும். பாரத்தில் கையெழுத்திடும் முன் ஒவ்வோர் எழுத்தையும் விரல் வைத்துப் படியுங்கள். பிறகு திருத்துவதற்கு அலைச்சல் அதிகம்.