தாத்தா பறந்து போச்சு: மழலையைத் தெளிவாக்க வீட்டிலேயே சில விளையாட்டுகள்

மூன்று வயதுக் குழந்தை ஜன்னலுக்கு வெளியே கையைக் காட்டி "தாத்தா பறந்து போச்சு" என்று சொன்னால் வீட்டில் எல்லாரும் சிரித்துவிடுவோம். பறந்தது காக்கா என்று நமக்குத் தெரியும், புதிதாக வந்தவருக்குத் தெரியாது. அந்த வயதில் இது கோளாறு இல்லை. 'க' சொல்ல நாக்கின் பின்பக்கம் மேலே எழும்ப வேண்டும், 'த' சொல்ல நுனி பல்லைத் தொட்டால் போதும், அதனால் குழந்தை சுலபமானதை எடுத்துக்கொள்கிறது. பெரும்பாலான குழந்தைகள் நான்கு வயதுக்குள் தானாகவே சரிசெய்துகொள்வார்கள். நாமும் கொஞ்சம் கை கொடுக்கலாம், ஆனால் "சொல்லு, சரியாச் சொல்லு" என்று உயிரை எடுத்து அல்ல. அப்படிக் கேட்கும்போதுதான் பல பிள்ளைகள் வாயை மூடிக்கொள்கிறார்கள். இங்கே 'க' ஒலியை எடுத்துக்காட்டாக வைத்துச் சொல்கிறேன், வேறு ஒலி என்றாலும் வழி ஏறக்குறைய இதுதான்.

படி 1: முதலில் காது

பேச்சு தெளிவில்லை என்றதும் எல்லாரும் நாக்கைப் பார்க்கிறார்கள், காதை யாரும் பார்ப்பதில்லை. சளி பிடிக்கும்போது நடுக்காதில் நீர் கோத்துக்கொண்டால் சில வாரங்களுக்குக் கேட்பது மந்தமாகலாம். தண்ணீருக்குள் மூழ்கிக்கொண்டு கேட்பதுபோல எல்லாம் மங்கலாகக் கேட்கும், ஆனால் குழந்தைக்கு அது குறை என்றே தெரியாது, வந்து சொல்லவும் சொல்லாது. பிறந்தபோது செய்த பரிசோதனையில் எல்லாம் சரி என்று வந்திருக்கலாம், பிறகு மாறியும் இருக்கலாம். டிவி சத்தத்தைக் கூட்டச் சொல்கிறது, அடுத்த அறையிலிருந்து கூப்பிட்டால் திரும்புவதில்லை, அடிக்கடி காதுவலி வருகிறது என்றால் செவித்திறன் பரிசோதனையை முடித்துவிட்டு மற்றதைத் தொடங்குங்கள்.

படி 2: எந்த ஒலி என்று கண்டுபிடியுங்கள்

ஒரு தாளில் இரண்டு பத்தி போடுங்கள். இடப்பக்கம் குழந்தை சொல்ல நினைத்தது, வலப்பக்கம் வாயில் வந்தது. ஒரு வாரம், காதில் விழுவதை மட்டும் எழுதுங்கள், தனியாக உட்கார வைத்துக் கேள்வி கேட்க வேண்டாம். கார் – தார், குடை – துடை, அக்கா – அத்தா, மூக்கு – மூத்து என்று பட்டியல் வளர்ந்ததும் ஒன்று புரியும்: இருபது சொல் தப்பாக இருக்கிறது என்று நாம் கவலைப்பட்டோமே, அது ஒரே ஒரு தப்பு. அந்த ஒன்றைப் பிடித்தால் இருபதும் கூடவே வரும்.

வயதையும் பார்த்துக்கொள்ளுங்கள். உதடு சேரும் ப, ம முதலில் வரும், த, ந, க அதையொட்டி வரும், ச, ர, ற எல்லாம் நிதானமாகத்தான் வரும். 'ர' வராத பிள்ளை மரத்தை 'மலம்' என்று சொல்லும்போது சுற்றியிருக்கும் பெரியவர்களுக்குச் சிரிப்பை அடக்க முடியாது, ஆனால் அடக்கியே ஆக வேண்டும். அதையே திரும்பச் சொல்லச் சொல்லிக் கூட்டத்தைக் கூட்டுவது அநியாயம். 'ழ' கடைசி. பெரியவர்களிலேயே எத்தனையோ பேர் 'வாளப்பளம்' என்று காலம் தள்ளும்போது மூன்று வயதுப் பிள்ளையை அதற்காகப் பிடுங்கி எடுக்க வேண்டாம்.

படி 3: இடமும் நேரமும்

தினம் பத்து நிமிடம் போதும். டிவி அணைந்திருக்கட்டும், போன் வேறு அறையில் இருக்கட்டும். நீங்கள் நாற்காலியில், குழந்தை தரையில் என்று இருந்தால் உங்கள் வாய் அதற்குத் தெரியாது, நீங்களும் தரையில் உட்காருங்கள். எதிரெதிரே. குழந்தை எழுந்து ஓடினால் அன்றைக்கு அவ்வளவுதான், இழுத்துப் பிடித்து உட்கார வைக்காதீர்கள்.

படி 4: சொல்ல வைக்காமல் கேட்க வையுங்கள்

அவசரப்படுகிறவர்கள் தாண்டிப் போவது இந்தப் படியைத்தான். எனக்கு இதுதான் முக்கியமாகப் படுகிறது. சரியான ஒலி காதில் நன்றாகப் பதியாமல் வாயில் வராது, அதனால் முதல் சில நாட்கள் குழந்தை ஒரு 'க'கூடச் சொல்ல வேண்டியதில்லை.

ஒரு பைக்குள் கார், குடை, கரடி பொம்மை, கரண்டி, கண்ணாடி என்று வீட்டில் இருப்பதைப் போடுங்கள். நீங்கள் ஒவ்வொன்றாக எடுத்து, "அட, கரடி! இந்தக் கரடிக்குக் காது எவ்வளவு குட்டியா இருக்கு, கரடி எங்க போகணுமாம்? காருக்குள்ளயா?" என்று அளந்துவிடுங்கள். பொம்மையை எங்கே வைப்பது என்று முடிவெடுப்பது மட்டும் குழந்தையின் வேலை. ஒலியைக் கொஞ்சம் அழுத்திச் சொல்லலாம், ஆனால் 'க்க்க்கரடி' என்று நீட்டிச் சொல்லைக் கெடுக்க வேண்டாம்.

இரண்டு மூன்று நாள் கழித்து ஒரு பொம்மையைத் தப்பாகப் பேச விடுங்கள். பொம்மை "எனக்கு ஒரு தரண்டி வேணும்" என்று கேட்கும். குழந்தை உங்களை ஒரு பார்வை பார்க்கும். "என்னது, தரண்டியா? இது சரியாவா சொல்லுது?" என்று கேளுங்கள். பொம்மை தப்பு செய்கிறது, கண்டுபிடிக்கும் வாத்தியார் குழந்தை. வேடிக்கை என்னவென்றால், அதே தப்பைத் தானும் செய்கிற பிள்ளைகூட, "இல்ல, தரண்டி இல்ல, தரண்டி!" என்று கோபமாகத் திருத்தும். காது விழித்துக்கொண்டது, வாய் இன்னும் வரவில்லை என்று அர்த்தம். நல்ல அறிகுறிதான்.

படி 5: ஒலி மட்டும்

இப்போது ஒலியை மட்டும் வரவழைக்கலாம். குழந்தையும் நீங்களும் பாயில் மல்லாந்து படுத்துக்கொள்ளுங்கள். அப்படிப் படுக்கும்போது நாக்கு தானாகவே கொஞ்சம் பின்னால் சரியும், பாதி வேலை அதிலேயே முடிந்துவிடும். விட்டத்தைப் பார்த்துக்கொண்டு, வாயைத் திறந்து, தண்ணீர் இல்லாமல் கொப்பளிப்பதுபோல நடியுங்கள். குட்டிப் பிள்ளைகளுக்கு நிஜத் தண்ணீர் வேண்டாம், புரையேறும். அப்புறம் 'க்… க்… க்' என்று இருமல் நாடகம்.

அதற்குப் பிறகு 'கா'வில் தொடங்காமல் 'கூ', 'கோ' பக்கம் போய்ப் பாருங்கள். ஊ, ஓ சொல்லும்போது நாக்கு ஏற்கெனவே பின்னால் இருப்பதால் 'கூ' பல குழந்தைகளுக்கு முதலில் வந்துவிடும். ரயில் விடுங்கள், கூ… கூ… என்று வீட்டைச் சுற்றி வாருங்கள், சேவலாகுங்கள், கோழியாகுங்கள். 'கீ' கடைசியாக வரட்டும், அங்கே நாக்கு முன்னால் வந்துவிடுகிறது.

ஒரு கண்ணாடி முன்னால் நின்றும் விளையாடலாம், 'த' சொன்னால் நாக்கு நுனி எட்டிப் பார்க்கும், 'க' சொன்னால் ஒளிந்துகொள்ளும்.

படி 6: சொல்லுக்குள் கொண்டு போங்கள்

இதில் ஒரு நுணுக்கம். தமிழில் 'க' எல்லா இடத்திலும் ஒரே மாதிரி ஒலிப்பதில்லை. 'பகல்' என்பதில் மெலிந்து கிட்டத்தட்ட 'ஹ' ஆகிறது, 'பங்கு' என்பதில் வேறு ஒலி. ஆகவே சொல்லின் தொடக்கத்தில் இருப்பதையும் (கை, கால், கண், குடை) இரட்டிப்பதையும் (மூக்கு, நாக்கு, அக்கா) மட்டும் எடுங்கள். தொட்டுக் காட்டும் விளையாட்டுக்கு இவையே போதும்.

கொஞ்சம் கை வந்ததும், இந்தப் பதிவிலேயே எனக்கு மிகவும் பிடித்த விளையாட்டு. காக்கா படம் இரண்டு, தாத்தா படம் இரண்டு, தட்டு, புத்தகக் கட்டு என்று சின்னச் சின்ன அட்டைகளாக வரைந்துகொள்ளுங்கள், அழகாக இருக்க வேண்டியதில்லை. குழந்தை கேட்பதை நீங்கள் எடுத்துக் கொடுக்க வேண்டும், அவ்வளவுதான் விதி. காக்காவை விரும்பி "தாத்தா" என்று கேட்டால் தாத்தாவையே கொடுங்கள், முகத்தில் கேலி துளியும் வேண்டாம். குழந்தை அட்டையைப் பார்க்கும், உங்களைப் பார்க்கும். "ஓ, உனக்குக் காக்காவா வேணும்? காக்கா, இந்தா" என்று மாற்றிக் கொடுங்கள். தான் சொன்ன ஒலி மாறியதால் வேறு பொருள் வந்துவிட்டது என்று அந்த நொடியில் அதற்கே படுகிறது. நாம் நூறு தடவை திருத்தினாலும் இந்த உறைப்பு வராது. ஆனால் மூன்று நான்கு தடவைக்கு மேல் ஏமாற்றம் ஆகிவிட்டால் நிறுத்திவிட்டுப் படி 5-க்குத் திரும்புங்கள்.

படி 7: மீதி நாள் முழுக்க

பத்து நிமிடம் போக மற்ற நேரத்தில் திருத்தாதீர்கள். "தார் போச்சு" என்றால், "ஆமா, கார் போச்சு! சிவப்புக் கார்" என்று சரியான சொல்லைப் பதிலுக்குள் வைத்துக் கொடுத்துவிட்டு மேலே பேசுங்கள். திரும்பச் சொல்லச் சொல்ல வேண்டாம். நீங்கள் பேசி முடித்ததும் ஐந்து நொடியாவது சும்மா இருங்கள், நமக்கு அது யுகமாகத் தெரியும், வாக்கியம் கோக்கும் பிள்ளைக்கு அந்த நேரம் தேவை.

ஊதுவது, விசில் அடிப்பது, நாக்கை வெளியே நீட்டி ஆட்டுவது பற்றி நிறையப் பேர் கேட்கிறார்கள். சோப்புக் குமிழி ஊதுவது நல்ல விளையாட்டு, குமிழியைப் பார்த்துப் பேச நிறைய இருக்கிறது, ஆனால் ஊதினால் பேச்சு தெளிவாகும் என்பதற்கு ஆதாரம் இல்லை. பேச்சைப் பேசித்தான் பழக வேண்டும். அதேபோல வீட்டில் இரண்டு மொழி பேசுவதால் பேச்சு கெடாது, அதற்காக ஒரு மொழியை நிறுத்தத் தேவையில்லை. திரை நேரத்தைக் குறைப்பதுதான் உண்மையில் உதவும். 2 முதல் 4 வயதுவரை நாளுக்கு 1 மணி நேரத்துக்கு மேல் வேண்டாம், 2 வயதுக்கு முன்பு தவிர்ப்பதே நல்லது என்று உலக சுகாதார நிறுவனம் 2019-இல் சொன்னது.

எப்போது ஸ்பீச் தெரபிஸ்ட்டிடம் போக வேண்டும்?

அறிமுகமில்லாதவருக்கு 2 வயதில் பாதியும், 3 வயதில் முக்கால் பங்கும், 4 வயதில் ஏறக்குறைய எல்லாமும் புரிய வேண்டும் என்பது பொதுவான கணக்கு. பெற்றோருக்குப் புரிவதை இதில் சேர்க்காதீர்கள், நமக்கு எல்லாம் புரியும். 12 மாதத்தில் 'பபப', 'மமம' என்ற உளறலே இல்லை, 18 மாதத்தில் ஒரு சொல்லும் இல்லை, 2 வயதில் இரண்டு சொல் சேர்த்துப் பேசவில்லை, திக்கல் ஆறு மாதத்துக்கு மேல் நீள்கிறது, இதில் எது இருந்தாலும் "போகப் போகச் சரியாகிடும்" என்று காத்திருக்க வேண்டாம். வந்த பேச்சு நின்றுபோனால் எந்த வயதானாலும் உடனே போங்கள்.

போகும்போது படி 2-இல் எழுதிய தாளையும், குழந்தை விளையாடிக்கொண்டே பேசும் ஒரு சின்ன வீடியோவையும் எடுத்துப் போங்கள். புது அறை, புது முகம் என்றதும் பல பிள்ளைகள் வாயே திறப்பதில்லை.