ஸ்ரீ என்னும் எழுத்தும் தார்ச் சட்டியும்: இனக் குறியீடுகளைப் படிக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

1958ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இலங்கையின் புதிய வாகன இலக்கத் தகடுகளில், அதுவரை இருந்த ஆங்கில எழுத்துகளுக்குப் பதிலாகச் சிங்கள எழுத்தில் ‘ஸ்ரீ’ பொறிக்கப்பட்டது. அந்தத் தகட்டுடன் அரசுப் பேருந்துகள் வடக்கிற்கு வந்தபோது, தமிழரசுக் கட்சியினர் தார்ச் சட்டியும் தூரிகையுமாகத் தெருவில் இறங்கி, சிங்கள எழுத்தை அழித்துத் தமிழ் ‘ஸ்ரீ’யை எழுதினார்கள். தெற்கில் அதற்குப் பதிலடியாகக் கடைப் பலகைகளிலும் தெருப் பெயர்களிலும் இருந்த தமிழ் எழுத்துகளின்மேல் தார் பூசப்பட்டது. தமிழர் பகுதிகளுக்கு ஓரளவு அதிகாரம் பகிர்ந்தளிக்கப் பிரதமரும் தமிழரசுக் கட்சித் தலைவரும் முந்தைய ஆண்டு கையெழுத்திட்ட பண்டாரநாயக்கா – செல்வநாயகம் ஒப்பந்தம், பிரதமர் இல்லத்தின் முன் பிக்குகள் அமர்ந்து நெருக்கியதைத் தொடர்ந்து, ஏப்ரல் 9ஆம் நாள் கைவிடப்பட்டது. மே மாதத்தில் இனக்கலவரம் மூண்டது. 27ஆம் நாள் அவசரகால நிலை அறிவிக்கப்பட்டது.

இந்த வரலாற்றைக் கேட்பவர்கள் பலர், ஓர் எழுத்துக்காகவா இத்தனை என்று வியக்கிறார்கள். குறியீடுகளைப் பற்றிப் பேசுகையில் நாம் செய்யும் முதல் தவறும், அடிக்கடி செய்யும் தவறும் இதுதான். 1956ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டம் சிங்களத்தை மட்டுமே நாட்டின் ஆட்சிமொழியாக்கியிருந்தது. அரசு வேலையை நம்பிப் பிள்ளைகளைப் படிக்க வைத்த ஒரு யாழ்ப்பாணக் குடும்பத்துக்கு அந்தச் சட்டம் அரசிதழில் கிடந்த ஒரு வாசகம். அதே சட்டம் பேருந்தின் நெற்றியில் ஏறித் தன் ஊர்ச் சந்தி வழியாகத் தினமும் போய்வரத் தொடங்கியபோது, இந்த அரசில் தனக்கு எந்த இடம் ஒதுக்கப்பட்டிருக்கிறது என்பதைப் படிக்கத் தெரியாத சிறுவனும் புரிந்துகொண்டான். ஒரு குறியீடு சின்னதாகத் தெரிவதாலேயே அதன் பின்னால் நிற்கும் வேலை, நிலம், நீதி ஆகியவையும் சின்னவை ஆகிவிடுவதில்லை. அற்பம் என்று அதை ஒதுக்குபவர், பெரும்பாலும், அந்தக் குறியீட்டால் எதையும் இழக்காதவராக இருக்கிறார்.

இதற்கு நேர் எதிரான தவறும் உண்டு. இரு இனங்களும் ஆயிரமாண்டுப் பகைவர்கள், அந்தப் பகைதான் எழுத்தாகவும் கொடியாகவும் வெளிப்படுகிறது என்று சொல்லிவிடுவது. ‘ஸ்ரீ’யையே எடுத்துக்கொள்வோம். அது வடமொழிச் சொல். சிங்களவரும் தமிழரும் தத்தம் தெய்வங்களின் பெயருக்கு முன்னால் அதைத்தான் எழுதுகிறார்கள். தமிழில் அதை எழுதப் பயன்படுவதும் கிரந்த எழுத்து. ஒலி ஒன்று, பொருள் ஒன்று, பக்தியும் ஒன்று. இலங்கையின் தேசியக் கொடிக்கு அடிப்படையான, வாள் ஏந்திய சிங்கக் கொடியின் கதை இன்னும் ஆழமானது. அது கண்டி அரசின் கொடி. 1815இல் பிரித்தானியரிடம் அந்த அரசை இழந்த கடைசி மன்னன் ஸ்ரீ விக்கிரம ராஜசிங்கன் தென்னிந்திய நாயக்கர் வழிவந்தவன். கண்ணுசாமி என்பது அவன் இயற்பெயர். கைதியாக வேலூருக்குக் கொண்டுவரப்பட்டு 1832இல் அங்கேயே இறந்தான். பாலாற்றங்கரையில் உள்ள முத்து மண்டபம் அவன் நினைவிடம். தமிழர் அஞ்சும் கொடி, தமிழ் பேசிய ஒரு மன்னனின் காலத்தோடு இப்படிப் பின்னிக் கிடக்கிறது.

ஆகவே பகை அந்தக் குறியீடுகளுக்குள் பிறவியிலேயே இருந்ததில்லை. 1948இல் அமைக்கப்பட்ட தேசியக் கொடிக் குழுவில் நடந்தது அதைக் காட்டுகிறது. சிங்கத்தைச் சுற்றியிருந்த செந்நிறப் பரப்புக்கு மஞ்சள் கரையிட்டு, அதற்கு வெளியே முஸ்லிம்களுக்குப் பச்சைப் பட்டை ஒன்றும் தமிழருக்குக் காவிப் பட்டை ஒன்றும் சேர்க்கப்பட்டன. குழுவில் இருந்த தமிழரான செனட்டர் எஸ். நடேசன் இதை ஏற்க மறுத்தார். சேர்த்துக்கொண்டோம் என்று பெரும்பான்மையினர் கண்ட அதே வடிவத்தில், வேலிக்கு வெளியே நிறுத்திவிட்டார்கள் என்று சிறுபான்மையினர் கண்டனர். ஒரு குறியீட்டின் பழமையை ஆராய்வதைவிட, எந்த ஆண்டில், யார், எந்த அதிகாரத்தோடு அதை நிறுத்தினார்கள், அது மற்றவர்களை எங்கே நிறுத்தியது என்று கேட்பது நம்மை உண்மைக்கு அருகில் கொண்டுசேர்க்கும்.

ஒரு குறியீட்டுக்கு ஒரே பொருள்தான் என்று கொள்வது இன்னொரு பிழை. செங்காந்தள் தமிழ்நாட்டின் மாநில மலர். சென்னையில் அதன் படத்தைப் பார்த்து யாரும் திடுக்கிட மாட்டார்கள். அதே மலரைக் கார்த்திகைப்பூ என்று அழைக்கும் ஈழத்தில், விடுதலைப் புலிகள் அதைத் தேசிய மலராக அறிவித்தபின், அது, இறந்த போராளிகளை நினைவுகூரும் மாவீரர் நாளின் பூவாயிற்று. இறந்த மகனை நினைக்கும் ஒரு தாய்க்குத் துக்கமாகவும், காவல் அதிகாரிக்குக் குற்றத்தின் அடையாளமாகவும், போரில் மகனை இழந்த ஒரு சிங்களத் தாய்க்கு அச்சமாகவும் அது படக்கூடும். இவற்றுள் எது ‘சரியான’ பொருள் என்று தீர்ப்புச் சொல்லப் புகுந்தால், மூன்று பேரில் இருவரின் அனுபவத்தைப் பொய் என்றே சொல்ல வேண்டியிருக்கும்.

நான் மிகக் கடுமையாகக் கருதும் தவறு, ஓர் இனத்தை ஒரே மனிதனைப்போல எண்ணுவது. ‘தமிழர் நினைக்கிறார்கள்’, ‘சிங்களவர் விரும்புகிறார்கள்’ என்ற வாக்கியங்கள் எழுத எளிமையானவை. 1956இல் சிங்களம் மட்டும் சட்டத்தை நாடாளுமன்றத்தில் எதிர்த்தவர்களில் கொல்வின் ஆர். டி சில்வா என்ற சிங்கள இடதுசாரித் தலைவரும் ஒருவர். இரண்டு மொழி என்றால் ஒரு நாடு, ஒரு மொழி என்றால் இரண்டு நாடு என்று அவர் எச்சரித்தார். அவரை மறந்துவிட்டு எழுதப்படும் எந்த வரலாறும் அரைகுறையானது. அதே நேர்மையை நம் பக்கமும் காட்டியாக வேண்டும். மொழியே அடையாளம் என்று முழங்கிய போராட்டத்தில், 1990 அக்டோபரில், தமிழையே தாய்மொழியாகப் பேசிய வடக்கு முஸ்லிம்கள் ஏறத்தாழ 75,000 பேரை விடுதலைப் புலிகள் வெளியேற்றினார்கள். யாழ்ப்பாண நகரில் அவர்களுக்குக் கிடைத்த அவகாசம் சில மணி நேரம். கையில் எடுக்க முடிந்ததை மட்டும் எடுத்துக்கொண்டு, பலர் புத்தளத்து அகதி முகாம்களுக்குப் போனார்கள். எந்த மொழிக்காக ஓர் எழுத்தின்மேல் தார் பூசப்பட்டதோ, அந்த மொழியைப் பேசியது அவர்களைக் காக்கவில்லை. தோட்ட வேலைக்காக இந்தியாவிலிருந்து கொண்டுவரப்பட்டவர்களின் வழிவந்த மலையகத் தமிழரில் பெரும்பாலோர் 1948ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டத்தால் நாடற்றவர்களாக்கப்பட்டபோது தமிழ்த் தலைவர்களிலும் சிலர் அரசின் பக்கமே நின்றதை இத்துடன் சேர்த்து நினைவுகூரலாம்.

அமைதியைப் பற்றிப் பேசும்போதும் நாம் இதே அளவுக்குத் தவறுகிறோம். 2016 பிப்ரவரி 4ஆம் நாள் கொழும்பு காலி முகத்திடலில் நடந்த சுதந்திர தின விழாவின் முடிவில், பல பத்தாண்டுகளுக்குப் பிறகு, தேசிய கீதம் தமிழிலும் பாடப்பட்டது. ஆனந்த சமரக்கோன் சிங்களத்தில் இயற்றியதைப் புலவர் மு. நல்லதம்பி தமிழாக்கியிருந்தார், மெட்டும் ஒன்றே. கேட்டுக் கண்கலங்கியவர்கள் உண்டு, அவர்களின் கண்ணீர் உண்மையானது. ஆயினும் 2020 விழாவில் அது நிறுத்தப்பட்டு, சிங்களத்தில் மட்டும் பாடப்பட்டது. ஓர் ஆட்சியின் நல்லெண்ணமாகத் தரப்பட்ட குறியீடு அடுத்த ஆட்சியோடு போய்விடும். தமிழும் ஆட்சிமொழி என்று 1987ஆம் ஆண்டின் 13ஆம் திருத்தம் சொல்லியிருந்தும், தான் தமிழில் சொன்ன முறைப்பாடு சிங்களத்தில் எழுதப்பட்டிருக்க, வாசிக்க முடியாத அந்தத் தாளின் அடியில் கையொப்பமிடும் நிலை தமிழருக்குத் தொடர்ந்தது. கீதத்தைத் தமிழில் கேட்ட அதே காது, காவல் நிலையத்திலும் தமிழைக் கேட்க வேண்டும்.

வட அயர்லாந்து இதை வேறுவிதமாகச் செய்து பார்த்தது. கத்தோலிக்கருக்கும் புரட்டஸ்தாந்தினருக்கும் இடையிலான நீண்ட மோதலை முடிக்கச் செய்துகொண்ட 1998ஆம் ஆண்டின் பெரிய வெள்ளி ஒப்பந்தம் குறியீடுகளைப் பற்றியே தனியாகப் பேசியது. 2001இல் காவல்துறையின் பெயர் மாறியபோது சின்னமும் மாறியது: இரு தரப்பாரும் மதிக்கும் புனித பேட்ரிக்கின் சிலுவையைச் சுற்றி மணிமுடி, யாழ், மூவிலைப் பூண்டு, நீதித் தராசு, தீப்பந்தம், ஒலிவக் கிளை என ஆறு உருவங்கள் அமைந்தன. சின்னத்தோடு அதை அணிபவர்களும் மாறினார்கள். கத்தோலிக்கர் பாதி, மற்றவர் பாதி என்ற ஆள்சேர்ப்பு முறை பத்தாண்டுகள் நடைமுறையில் இருந்தது. அங்கும் எல்லாம் தீர்ந்துவிடவில்லை. 2012 டிசம்பரில் பெல்ஃபாஸ்ட் மாநகர மண்டபத்தில் பிரித்தானியக் கொடியைக் குறிப்பிட்ட நாட்களில் மட்டும் ஏற்றுவது என்று வாக்கெடுப்பில் முடிவானவுடன் பல வாரங்கள் கலகம் நடந்தது. பெரும்பான்மையாக இருந்து பழகியவர்களுக்கும் ஒரு கொடி இறங்குவது தாங்களே இறங்குவதாகத் தோன்றும். அந்த அச்சத்தை எள்ளி நகையாடுவது சமாதானத்துக்கு உதவாது.

கடைசியாக, நினைவைத் தடைசெய்தால் பகை மறையும் என்று அரசுகள் செய்யும் தவறு. 2009இல் போரின் இறுதி நாட்களில் முள்ளிவாய்க்காலில் முற்றுகைக்குள் சிக்கியவர்கள் அரிசியும் நீரும் உப்புமான கஞ்சியில் உயிர் பிழைத்தார்கள். ஆண்டுதோறும் மே மாதத்தில் தெருவோரம் பெரிய பானையில் அதே கஞ்சியைக் காய்ச்சி, போவோர் வருவோருக்குச் சிரட்டையில் ஊற்றித் தருகிறார்கள். கொடியோ முழக்கமோ இல்லாத இந்தக் குறியீட்டுக்காக 2024இல் திருகோணமலை மாவட்டத்துச் சம்பூரில் பெண்கள் உட்பட நால்வர் கைது செய்யப்பட்டார்கள். தடை அந்தக் கஞ்சியின் உப்பைக் கூட்டியதே தவிரக் குறைக்கவில்லை.

அதற்கு இரண்டாண்டுகளுக்கு முன், 2022 மே 18ஆம் நாள், பொருளாதார நெருக்கடியில் அரசை எதிர்த்து மக்கள் கூடாரமடித்திருந்த காலி முகத்திடலிலும் அந்தக் கஞ்சி காய்ச்சப்பட்டது. 1956 ஜூன் 5ஆம் நாள் சிங்களம் மட்டும் சட்டத்தை எதிர்த்துச் சத்தியாக்கிரகம் இருந்த தமிழ்த் தலைவர்களைக் கும்பல் அடித்து விரட்டியது அதே திடலில்தான். இம்முறை அங்கே சிங்கள இளைஞர்களும் வரிசையில் நின்று, கஞ்சியை வாங்கிக் குடித்தார்கள்.