வில்லு மணி காதைக் குத்தினால்

தோவாளைப் பக்கத்தில் ஒரு கோயில் கொடை விழாவுக்குப் போனபோது வில்லுப்பாட்டை மேடை ஓரமாக இருந்து பதிவு செய்தேன். வீட்டில் ஹெட்போன் மாட்டிக் கேட்டால், வில்லின் நாணை அடிக்கும் வீசுகோல் விழும்போதெல்லாம் வில்லில் கட்டிய மணிகள் காதைக் குத்தின. குடத்தின் சத்தம் மட்டும்தான் சுகமாக இருந்தது.

இதைச் சரிசெய்ய ஆடாசிட்டி என்ற ஒலித் தொகுப்பு மென்பொருளின் 3.2 அல்லது அதற்குப் பிந்தைய பதிப்பு வேண்டும். பாட்டு ஓடும்போதே எஃபெக்டை மாற்றிக் கேட்கும் வசதி அதில்தான் வந்தது. கூடவே டிடிஆர் நோவா பிளக்இன்; ஒலியில் வேண்டிய அதிர்வெண்களை மட்டும் ஏற்றி இறக்கும் ஈக்யூ (ஈக்வலைசர்) இது, ஆடாசிட்டிக்குள் சேர்த்துக்கொள்ளலாம். இரண்டும் இலவசம். ஒரே சொடுக்கில் சுத்தமாக்கித் தருவதாகச் சொல்லும் விலை உயர்ந்த சமாச்சாரங்கள் எனக்கு ஒத்துவரவில்லை.

மூலக் கோப்பை நகலெடுத்துவிட்டு, 60 ஹெர்ட்ஸில் ஹைபாஸ் (அதற்குக் கீழான ஒலியைக் குறைக்கும் வடிகட்டி) போடுங்கள். ஆரல்வாய்மொழிக் காற்று மைக்கில் மோதிய இரைச்சல் ஓரளவு போகும். ரொம்ப ஏற்றினால் குடம் மெலிந்துவிடும்.

அடுத்து, குத்தும் இடத்தைத் தேட வேண்டும். நோவாவில் ஒரு பேண்டின் (ஏற்றி இறக்கும் அதிர்வெண் பட்டையின்) கியூவை 6 ஆக்கி, அதாவது பட்டையைக் குறுகலாக்கி, 10 டெசிபல் ஏற்றி, 2,000 முதல் 8,000 ஹெர்ட்ஸ் வரை மெல்ல நகர்த்துங்கள். நான் சறுக்கியது இங்கேதான். 10 டெசிபல் ஏற்றினால் எந்த இடமும் குத்தத்தானே செய்யும்? அது புரியாமல் ஏழு இடங்களில் ஒலியைக் குறைத்து வெட்டினேன். மணி அடங்கியது, பாட்டுக்காரரின் குரலும் போர்வைக்குள் போய்விட்டது. சகர, டகரங்களின் தெளிவும் அதே வட்டாரத்தில்தான் இருக்கிறது. இப்போதெல்லாம் ஓர் இடம் சிக்கியதும் ஏற்றத்தைப் பூஜ்யமாக்கி மறுபடி கேட்கிறேன். அப்போதும் துருத்தினால்தான் அது குற்றவாளி. எனக்கு மிஞ்சியவை இரண்டே இடங்கள்.

அங்கேயும் நிரந்தரமாக வெட்டாதீர்கள். அந்த பேண்டில் த்ரெஷோல்டை (ஒலி எந்த அளவைத் தாண்டினால் குறைக்க வேண்டும் என்ற வரம்பை) இயக்கி, மணி அடிக்கும் கணத்தில் மட்டும் 3 அல்லது 4 டெசிபல் இறங்கும்படி வையுங்கள். ஒலி இறங்க எடுக்கும் நேரமான அட்டாக்கை மிகவும் குறைத்தால் கோல் விழும் 'ணங்' மழுங்கும். ஒலி பழைய அளவுக்குத் திரும்பும் ரிலீஸ், அடுத்த அடிக்குள் முடிந்துவிட வேண்டும்.

மூலத்தையும் திருத்தியதையும் ஒப்பிடும்போது இரண்டின் சத்த அளவையும் சமமாக்கிக்கொள்ளுங்கள். சத்தம் கூடியதுதான் காதுக்கு நல்லதாகத் தோன்றும்.

பிற்சேர்க்கை: இதெல்லாம் செய்தும் கரகரப்பு போகவில்லை என்று ஒரு நண்பர் தன் கைப்பேசிப் பதிவை அனுப்பினார். பெரிதாக்கிப் பார்த்தால் அலைகளின் உச்சி தட்டையாக நறுக்கப்பட்டிருக்கிறது. அது கிளிப்பிங், அதாவது சத்தம் மைக்கின் தாங்கும் அளவை மீறிப் பதிவானது; ஈக்யூ அதற்கு மருந்தல்ல. லேசாக இருந்தால் ஆடாசிட்டியின் 'கிளிப் ஃபிக்ஸ்' கொஞ்சம் உதவும். அடுத்த கொடைக்குக் கூம்பு ஒலிபெருக்கியின் வாய்க்கு நேரே உட்காராமல், குடம் அடிப்பவர் பக்கமாக உட்கார்ந்து பதிவு செய்யச் சொல்லியிருக்கிறேன்.