வட்டிக்கடல்: மாயக் கதைக்கு ஒரு கடல் கட்டுவது எப்படி?

காரைக்குடியில் உட்கார்ந்துகொண்டு கடல் கதை எழுதுகிறேன் என்றால் சிரிக்கிறார்கள். இது செம்மண் சீமை. ஊருணியும் கண்மாயும்தான் எங்களுக்குத் தெரிந்த தண்ணீர். ஆனால் கற்பனைக் கடல் கட்ட இதைவிடத் தோதான ஊர் கிடையாது என்பேன். இங்கே பெரிய வீடுகளில் தூணைத் தொட்டால் பர்மா தேக்கு. கடல் கண்ணில் படாத ஊரில், கடல் தாண்டி வந்த பொருள்தான் பார்க்கும் பக்கமெல்லாம். பகலில் கணக்கெழுதிப் பிழைக்கிறேன், ராத்திரியில் மாயக் கதை எழுதுகிறேன். அதனால் நான் சொல்லும் வழியிலும் கொஞ்சம் பேரேட்டு வாடை அடிக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

முதலில், உங்கள் கடலுக்கு ஒரே ஒரு கோணல் வையுங்கள். காலமும் வளையும், நீரும் பேசும், நிலாவும் கரையும் என்று அடுக்கினால் எதையும் நம்ப ஆளிருக்காது. நம் புராணத்து ஏழு கடலைப் பாருங்கள்: உப்பு, கருப்பஞ்சாறு, கள், நெய், தயிர், பால், நன்னீர். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் மார்கழிக் குளிரில் நெய்க்கடல் உறைந்துபோனால் தோணி எப்படிப் போகும்? நடந்தே அக்கரைக்குப் போய்விடலாமா? கருப்பஞ்சாற்றுக் கடற்கரையில் எறும்பை யார் விரட்டுவது? இந்தக் கேள்விகளைக் கேட்பதுதான் உங்கள் வேலை.

நிஜத்தில் சாக்கடல் இருக்கிறதே, அதை எடுத்துக்கொள்ளுங்கள். சாதாரணக் கடல்நீரில் லிட்டருக்குச் சுமார் 35 கிராம் உப்பு. அங்கே 300 கிராமுக்கு மேல். அதனால் ஆள் மிதக்கிறார், மீன் வாழ்வதில்லை. மீன் இல்லையென்றால் அந்தக் கரையில் வலை பின்னுகிறவர் இல்லை, கருவாட்டு மணம் இல்லை. உங்கள் கடலின் ஒற்றைக் குணத்திலிருந்தும் இப்படி ஒவ்வொன்றாக இறங்கி வர வேண்டும்.

என் கடலின் பெயர் வட்டிக்கடல். சட்டம் இதுதான்: கடலில் இருக்கும்வரை போனவருக்கு வயது ஏறாது, அந்த வயது, வட்டியோடு, வீட்டில் அவருக்காகக் காத்திருப்பவர் தலையில் ஏறும். இதை நான் ஆகாயத்திலிருந்து பறிக்கவில்லை. அந்தக் காலத்தில் இந்தப் பக்கத்துக் கொடுக்கல் வாங்கல் கடைகளுக்கு ஆளாக ரங்கூனுக்கும் பினாங்குக்கும் போனவர்கள் மூன்று வருஷத் தவணைக்குப் போவார்கள். திரும்பி வரும்போது தொட்டிலில் விட்டுப்போன பிள்ளை முகப்பில் ஓடிக்கொண்டிருக்கும், 'இது யாரு?' என்று கேட்கும். அதைக் கொஞ்சம் திருகினேன், அவ்வளவுதான். உங்கள் ஊரில் வளைகுடாவுக்குப் போன மாமா இல்லாமலா இருப்பார்?

சட்டம் கிடைத்ததும் நோட்டில் நடுவே கோடு போடுங்கள். கடல் ஒருவருக்கு எதையாவது கொடுத்தால், அது இன்னொருவர் பற்றில் விழுந்தாக வேண்டும். இந்த இடத்தில் அவசரப்படாதீர்கள்; கதையின் பாதி இங்கேதான் கிடைக்கும். என் நோட்டின் ஒரு பக்கம் இப்படி இருக்கிறது:

'மாசி 12. முத்து வரவு: கடலில் 40 நாள், வயது ஏறவில்லை. உமையாள் ஆச்சி பற்று: 2 வருஷம் 4 மாதம். கடைவாய்ப் பல் ஒன்று. ஊசியில் நூல் கோக்கும் பார்வை. பாதியைக் கொழுந்தனார் பேரில் தள்ளக் கேட்டு மனு.'

கடைசி வரியைப் பாருங்கள். வயதைக் கைமாற்றலாம் என்றால் உடனே தரகர் வந்துவிடுவார், போலிப் பத்திரம் வரும், ஏமாந்த கிழவர் வருவார்.

வட்டி என்று சொன்னால் வீதம் வேண்டுமே. அந்தக் காலத்தில் ரங்கூன் மொகல் தெருக் கோயிலில் செட்டியார்கள் மாதாமாதம் கூடி நடப்பு வட்டியை முடிவு செய்வார்கள். என் துறைமுகத்திலும் அதே போலக் கோயில் மண்டபத்தில் கூடுகிறார்கள்: இந்த மாதம் ஒரு கடல் நாளுக்கு எத்தனை கரை நாள்? மேலே உள்ள பக்கத்தில் வீதம் 21, பெருக்கிப் பார்த்துக்கொள்ளுங்கள். நடப்பு இறங்கிய மாதத்தில் துறைமுகமே காலியாகிவிடும். ஏறிய மாதத்தில் பெண்கள் நங்கூரக் கயிற்றின் மேல் உட்கார்ந்துகொண்டு எழுந்திருக்க மாட்டார்கள். நகரத்தார், அதாவது இந்தச் செட்டியார்கள், கல்யாணத்தில் இசைகுடிமானம் என்று ஒரு திருமண ஒப்பந்தம் எழுதுவார்கள். என் ஊரில் அதில் ஒரு வரி கூடுதல், மாப்பிள்ளை வருஷத்துக்கு எத்தனை நாள் கடலில் இருக்கலாம் என்று. சம்பந்தி சண்டை எல்லாம் அந்த ஒரு வரியில்தான்.

கடல் எப்படித் தோன்றும் என்பது அப்புறம். பனைமர உயரத்துக்கு அலை எழுப்பியே தீர வேண்டும் என்றில்லை. நான் தொண்டிக்குப் போய்ப் பார்த்தேன். பாக் விரிகுடா ஆழம் குறைவு, அலை பெரிதாக அடிக்காது. ஒன்றும் தெரியாத பிள்ளை மாதிரி கிடக்கும். வயதைத் திருடும் கடலுக்கு அந்த முகம்தான் பொருத்தம் என்று அப்படியே வைத்துக்கொண்டேன். பெயரை அந்த ஊர்ச் சனங்களே வைத்தது போல வையுங்கள். மகா மாயா சமுத்திரம் எல்லாம் வேண்டாம். வரைபடம் கடைசியில் போட்டால் போதும்.

எல்லாம் முடிந்ததும் வியாபாரம் தெரிந்த ஒருவரிடம் சட்டத்தைச் சொல்லி, இதை எப்படி ஏமாற்றுவீர்கள் என்று கேளுங்கள். எழுத்தாளரிடம் கேட்காதீர்கள், 'அருமை' என்று சொல்லிவிட்டுப் போய்விடுவார். பலசரக்குக் கடை வைத்திருக்கும் நண்பர் ஒருவர் என்னிடம் கேட்டார்: "சரி, வீட்டில் யாருமே இல்லாதவன் கப்பல் ஏறினால்? யார் தலையில் எழுதுவீங்க?"

யோசித்துப் பார்த்து, கடைசியாக அவனுக்குச் சோறு போட்டவர் தலையில் என்று முடிவு செய்தேன். இப்போது அந்தத் துறைமுகத்துச் சாப்பாட்டுக் கடைகளில் இலை போடும் முன் "உனக்கு வீட்டில் யார் இருக்கா?" என்று கேட்கிறார்கள். கேட்காமல் இலை போடுகிற கடை ஒன்றே ஒன்று. அதை நடத்தும் அம்மாதான் என் நாவலின் கதாநாயகி. இப்படி ஒரு ஆள் கிடைக்கும்வரை முதல் அத்தியாயத்தைத் தொடங்க வேண்டாம்.