பச்சைத் தேயிலைக் கணக்கை டேட்டாபேஸில் போடுவது எப்படி?

கோத்தகிரிப் பக்கம் தேயிலை ஃபேக்டரிகளுக்குக் கணக்கு எழுதிக் கொடுக்கிறேன். புதிதாகத் தொடங்குபவர்களுக்கு நான் முதலில் சொல்வது: எல்லாவற்றையும் ஒரே டேபிளில் அடைக்காதீர்கள். விவசாயிக்கு ஒரு டேபிள், ஆளுக்கு ஓர் எண். தினசரி வரவுக்கு இன்னொன்று. அதில் பெயர் வேண்டாம், அந்த எண் போதும். தகவலைத் தனித்தனி டேபிள்களில் வைத்து ஒரு பொது எண்ணால் இணைப்பதுதான் 1970இல் கணினி அறிஞர் எட்கர் காட் முன்வைத்த ரிலேஷனல் முறையின் அடிப்படை.

வரவில் தேதி, மொத்த எடை, ஈரக் கழிவு (ஈரத்துக்காகக் கழிக்கும் எடை) எல்லாம் தனித்தனிப் பத்தியில் இருக்கட்டும். நிகர எடையை மட்டும் பதியாதீர்கள். மழை நாளில் எவ்வளவு கழித்தீர்கள் என்று விவசாயி கேட்டால் காட்டியாக வேண்டும். அது அவர் உரிமை. விலை மாதாமாதம் மாறும், அதற்கும் தனி டேபிள். ரூபாய்க்கு, பின்னத்தைத் தோராயமாக வைக்கும் ஃப்ளோட் வகை வேண்டாம்; பைசா பிசகாத டெசிமல் வகை போடுங்கள்.

இனி மாதப் பட்டியல். கோபோல் என்ற பழைய கணினி மொழியில் ஒவ்வொரு ரெக்கார்டாகப் படித்துக் கூட்டும் வழியை நாமே எழுத வேண்டும். டேட்டாபேஸிடம் கேள்வி கேட்க உதவும் நான்காம் தலைமுறை மொழியான எஸ்க்யூஎல்லில் (SQL) என்ன வேண்டும் என்று சொன்னால் போதும்: ‘சம்’ கூட்டும், ‘குரூப் பை’ ஆள்வாரியாகப் பிரிக்கும். விவசாயி டேபிளில் தொடங்கி, வரவு டேபிளை ‘லெஃப்ட் ஜாயின்’ போட்டு இணையுங்கள்; வரவே இல்லாத விவசாயியையும் அது விடாது. இல்லையென்றால் அந்த மாதம் இலை போடாதவர் பட்டியலிலேயே வரமாட்டார், அவருடைய முன்பணப் பாக்கியும் கண்ணில் படாது. எந்த மாதம் என்ற நிபந்தனையை, இணைத்த பிறகு வரிகளை வடிகட்டும் ‘வேர்’ (WHERE) பகுதியில் எழுதினாலும் அதே கதிதான். டேபிள்களை எப்படி இணைப்பது என்று சொல்லும் ‘ஆன்’ (ON) பகுதியில் எழுதுங்கள்.