நாடோடி பிரேசில் ஆட்டக்காரரை எடைபோடும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

இந்தியக் கால்பந்து லீகான ஐ.எஸ்.எல்.-இல் ஆடும் அணி ஏதாவது ஒரு பிரேசில்காரரை எடுத்ததாக அறிவித்தால் போதும், நம் ஆட்கள் உடனே அவருடைய விக்கிபீடியா பக்கத்தைத் திறந்து கிளப்புகளை எண்ண ஆரம்பித்துவிடுவார்கள். போர்ச்சுகல், ஈரான், போலந்து, தாய்லாந்து... "இத்தனை கிளப்பா? எங்கேயும் ஒட்டாத ஆள் போல." அதோடு தீர்ப்பு முடிந்துவிடும்.

பட்டியல் பொய் சொல்வதில்லை. ஆனால் அதில் பாதிக் கதை ஆட்டக்காரருடையது இல்லை, பிரேசில் கால்பந்து நடக்கும் விதத்துடையது. அதைத் தெரிந்துகொள்ளாமல் படித்தால் நல்ல ஆளைத் தள்ளிவிடுவோம், சுமாரான ஆளைத் தலையில் தூக்கி வைப்போம். வழக்கமாக எங்கெல்லாம் சறுக்குகிறோம் என்று பார்க்கலாம்.

கிளப்புகளை எண்ணி முடிவு கட்டுவது

பிரேசிலில் கால்பந்து ஆண்டு மாநிலப் போட்டிகளோடு தொடங்கும். 2025 வரை, ஜனவரியில் ஆரம்பித்து சில மாதங்களில் அது முடிந்ததும் தேசிய லீக் வந்தது. தேசிய அளவில் நான்கு டிவிஷன்கள். மேலே உள்ள மூன்றில் தலா 20 கிளப்புகள்தான். நாட்டில் இருப்பதோ பல நூறு தொழில்முறை கிளப்புகள். நான்காவது டிவிஷனிலும் இடம் கிடைக்காத கிளப்புக்கு மாநிலப் போட்டி முடிந்தால் அந்த ஆண்டில் பெரிதாக ஆட்டமே இருக்காது. ஆட்டம் இல்லாத மாதத்துக்கு யார் சம்பளம் கொடுப்பார்கள்?

அதனால் ஒப்பந்தமும் அந்த அளவுக்கே போடப்படும். பெலே விளையாட்டு அமைச்சராக இருந்தபோது உருவாகி 1998-ல் வந்த, அவர் பெயராலேயே அழைக்கப்படும் சட்டம், ஆட்டக்காரரின் ஒப்பந்தம் குறைந்தது 3 மாதம், அதிகபட்சம் 5 ஆண்டு என்று வரையறுத்தது. பெரிய கிளப்பின் நட்சத்திரத்துக்கு 5 ஆண்டு, சின்ன கிளப் ஆட்டக்காரருக்கு அந்த 3 மாதம். அறுவடைக்கு ஆள் போவது மாதிரி, வேலை இருக்கும் ஊருக்கு இவர் போகிறார். ஒரே ஆண்டில் மூன்று கிளப் பெயர் இருந்தால் மூன்று இடத்திலும் துரத்திவிட்டார்கள் என்று அர்த்தம் இல்லை. பெரும்பாலும் மூன்று இடத்திலும் சொன்ன வேலையை முடித்துக் கொடுத்திருப்பார்.

சம்பளத்தையும் சேர்த்துப் பார்த்தால்தான் இந்த ஓட்டம் புரியும். பிரேசில் கால்பந்துக் கூட்டமைப்பு 2016-ல் வெளியிட்ட கணக்கின்படி, முந்தைய ஆண்டு பதிவில் இருந்த தொழில்முறை ஆட்டக்காரர்களில் 82 சதவீதம் பேருக்கு மாதச் சம்பளம் 1,000 ரெயாலைத் தாண்டவில்லை. அப்போது அந்த நாட்டின் குறைந்தபட்ச ஊதியமே 788 ரெயால். நெய்மரை வைத்துப் பிரேசில் ஆட்டக்காரர்களின் வருமானத்தைக் கற்பனை செய்துகொள்கிறோம், அதுதான் பிரச்சினை. அந்த 82 சதவீதத்தில் ஒருவருக்கு சைப்ரஸிலிருந்தோ தாய்லாந்திலிருந்தோ அழைப்பு வந்தால், லீகின் தரம் என்ன என்று ஆராய்ந்துகொண்டிருக்க மாட்டார், விமானம் ஏறிவிடுவார்.

லோனையும் காகிதக் கிளப்பையும் கணக்கில் சேர்ப்பது

பிரேசிலில் பிறந்த ஸ்ட்ரைக்கர் டியேகோ கோஸ்டாவின் தொடக்க காலப் பட்டியலைப் பாருங்கள். பிராகா, பெனாஃபியல், மறுபடி பிராகா, செல்டா, அல்பசெட்டே, வயடோலிட், ராயோ வயெகானோ. பெயர் தெரியாமல் இதைக் காட்டினால் "எங்கேயும் தேறாதவன்" என்றுதான் சொல்வோம். இதில் பெரும்பாலானவை லோன், அதாவது உரிமையுள்ள கிளப் தன் ஆளை வேறொரு கிளப்புக்குத் தற்காலிகமாக ஆட அனுப்புவது. அட்லெடிகோ மாட்ரிட் அவரை வாங்கி வைத்துக்கொண்டு ஒவ்வோர் ஊராக அனுப்பிக்கொண்டிருந்தது. வயடோலிடுக்கு விற்றே விட்டு, அடுத்த ஆண்டே திரும்ப எடுத்துக்கொண்டது. 2013-14 சீசனில் அதே ஆள் லா லீகாவில் 27 கோல் அடித்தார், அட்லெடிகோ பட்டம் வென்றது. லோன் என்பது கழற்றி விட்டதாகவும் இருக்கலாம், பக்குவப்படுத்துவதாகவும் இருக்கலாம். எந்த வயதில் அனுப்பினார்கள், திரும்பி வந்ததும் என்ன செய்தார்கள் என்று பார்த்தால்தான் தெரியும்.

இன்னொரு விசித்திரம், ஆட்டமே ஆடாத கிளப். வில்லியன் ஜோஸே என்ற ஸ்ட்ரைக்கர் சில ஆண்டுகள் உருகுவேயின் டிபோர்டிவோ மால்டொனாடோ கிளப்பின் ஆளாகப் பதிவில் இருந்தார். அந்தச் சட்டையைப் போட்டு அவர் ஒரு லீக் ஆட்டம்கூட ஆடவில்லை. சாவ் பாவ்லோ, சாண்டோஸ், ரியல் மாட்ரிட்டின் இரண்டாம் அணி, சரகோசா, லாஸ் பால்மாஸ் என்று லோனிலேயே சுற்றினார். 2011-ல் போர்ச்சுகலின் போர்ட்டோ வாங்கிய அலெக்ஸ் சாண்ட்ரோவும் இதே மால்டொனாடோ கணக்கில் இருந்தவர்தான். அவர் ஆடிக்கொண்டிருந்தது சாண்டோஸுக்கு. முதலீட்டாளர்கள் ஆட்டக்காரரின் உரிமையைச் சிறிய கிளப் ஒன்றில் நிறுத்தி வைத்து, விலை ஏறும்போது விற்கும் ஏற்பாடு இது. கிளப்பல்லாத வெளியார் ஆட்டக்காரரின் உரிமையில் பங்கு வைத்திருப்பதை 2015 மே மாதம் முதல் ஃபிஃபா தடை செய்தது. அதற்கு முந்தைய காலப் பட்டியலில் உருகுவே கிளப் பெயரும் அதன் எதிரே பூஜ்ஜியமும் இருந்தால், ஆட்டக்காரரைத் திட்ட வேண்டாம்.

வாலைப் பிடித்துக்கொண்டு படிப்பது

இதற்கு பிரேசில் ஸ்ட்ரைக்கர் அயில்டனைவிட நல்ல உதாரணம் கிடையாது. 1973-ல் பாரைபா மாநிலத்தில் பிறந்தவர். பட்டியலின் கடைசிப் பகுதியை மட்டும் படித்தால் சிரிப்பு வரும்: பெஷிக்தாஷ், ஹாம்பர்க், ரெட் ஸ்டார் பெல்கிரேட், சூரிச்சின் கிராஸ்ஹாப்பர், டூயிஸ்பர்க், உக்ரைனின் மெட்டலூர் டோனெட்ஸ்க், ஆஸ்திரியாவின் ஆல்டாக், சீனாவின் சோங்சிங், அப்புறம் ஜெர்மனியின் கீழ் டிவிஷன்களில் உர்டிங்கன், ஓபர்நாய்லாண்ட், பிங்கன். உலக வரைபடத்தில் கண்ணை மூடிக்கொண்டு விரல் வைத்தது போல இருக்கும்.

கொஞ்சம் மேலே போங்கள். 1998 முதல் 2004 வரை ஒரே பெயர்தான், ஜெர்மனியின் வெர்டர் பிரேமன். மெக்சிகோவின் டிக்ரெஸிலிருந்து அங்கே வந்தவர், முதல் சீசனில் சொல்லிக்கொள்ளும்படி எதுவும் செய்யவில்லை. அப்போதே அனுப்பியிருந்தால் யாரும் கேள்வி கேட்டிருக்க மாட்டார்கள். பயிற்சியாளர் மாறினார், தாமஸ் ஷாஃப் வந்தார், அயில்டனுக்கு இடம் கிடைத்தது. குட்டையான, உருண்டையான உடம்பு. அந்த உடம்போடு அவர் ஓடும் வேகத்தைப் பார்த்தவர்கள் கண்ணை நம்ப மாட்டார்கள். 2003-04 சீசனில் 28 கோல் அடித்து, ஜெர்மனியின் முதல் டிவிஷனான புண்டஸ்லிகாவில் அதிக கோல் அடித்தவர் ஆனார். 2004 மே 8 அன்று முனிச்சில் பேயர்னை அதன் சொந்த மைதானத்திலேயே 3-1 என்று வென்று பிரேமன் பட்டத்தை உறுதி செய்தது. மூன்றாவது கோல் அயில்டனுடையது. ஜெர்மன் கோப்பையும் வந்தது. ஜெர்மனியின் ஆண்டின் சிறந்த ஆட்டக்காரராகத் தேர்வான முதல் வெளிநாட்டவர் அவர்தான்.

அந்தப் பட்டத்தைத் தூக்கியபோதே அவர் ஷால்கேவுக்குக் கையெழுத்துப் போட்டு முடித்திருந்தார் என்பதுதான் கதையின் திருப்பம். ஷால்கேவில் ஒரு சீசனில் 14 கோல். மோசமில்லை, ஆனால் 28 அடித்தவரிடம் எதிர்பார்த்தது அதுவல்ல. அதன் பிறகு ஒவ்வோர் ஆண்டும் பெட்டியைக் கட்ட வேண்டியதாயிற்று. என் கணிப்பில், அயில்டனுக்குத் திறமை குறைந்ததைவிட, அவருடைய ஓட்டத்தைப் புரிந்து பந்து கொடுத்த மிக்கூ போன்ற நடுக்களக்காரர் பக்கத்தில் இல்லாமல் போனதே பெரிய இழப்பு. நாடோடியாக அவர் சுற்றியது 31 வயதுக்கு மேல். அதற்கு முன்பே சேர்த்து வைத்திருந்ததையும் கூட்டினால் புண்டஸ்லிகாவில் மொத்தம் 106 கோல். 2014 செப்டம்பரில் பிரேமன் அவருக்கு விடைபெறும் ஆட்டம் நடத்தியது. ஊர் ஊராகச் சுற்றிய ஆளுக்குச் சும்மா செய்வார்களா?

எனவே பட்டியலை எடுத்தால் ஒவ்வொரு கிளப் பெயருக்கும் பக்கத்தில் அவருடைய வயதை எழுதிக்கொள்ளுங்கள். 19 வயதில் மூன்று கிளப் என்பது வேறு, 26-ல் மூன்று கிளப் என்பது வேறு, 35-ல் மூன்று கிளப் என்பது முற்றிலும் வேறு. இதில் நடுவில் உள்ளதுதான் கவலைப்பட வேண்டியது.

கோலை எல்லா ஊரிலும் ஒரே விலைக்கு எடுப்பது

அஃபோன்சோ ஆல்வெஸ் ஸ்வீடனில் ஆடிவிட்டு நெதர்லாந்தின் ஹீரன்வீனுக்கு வந்தார். 2006-07-ல் லீகில் 34 கோல். அடுத்த சீசனில் ஹெராக்ளெஸுக்கு எதிராக ஒரே ஆட்டத்தில் 7 கோல். இங்கிலாந்தின் மிடில்ஸ்பரோ 2008 ஜனவரியில் பெரும் விலை கொடுத்து வாங்கியது. முதல் சில மாதங்களில் மான்செஸ்டர் சிட்டியை 8-1 என்று நசுக்கிய ஆட்டத்தில் ஹாட்ரிக் அடித்தார். சரி, கொடுத்த விலை சரிதான் என்று நினைத்தார்கள். அடுத்த முழு சீசனில் லீகில் 4 கோல், அணி டிவிஷன் இறங்கியது, அவர் கத்தாருக்குப் போனார்.

இதைக் கேட்டதும் மறுபக்கம் சாய்ந்துவிடக் கூடாது. பிரேசில் ஸ்ட்ரைக்கர் ஹல்க் 2007-ல் 37 கோல் அடித்தது ஜப்பானின் இரண்டாம் டிவிஷனில், டோக்கியோ வெர்டிக்காக. "அது என்ன பெரிய லீகா" என்று ஒதுக்கியிருந்தால் போர்ட்டோவுக்கு நஷ்டம். 2008-ல் எடுத்தார்கள், நான்கு ஆண்டு கழித்து ரஷ்யாவின் ஜெனித்துக்குப் பெரும் தொகைக்கு விற்றார்கள். பிறகு சீனா. "சீனாவுக்குப் போனால் கதை முடிந்தது" என்ற பேச்சும் உண்டே? 2021-ல் நாடு திரும்பியவர், 35 வயதில் அட்லெடிகோ மினெய்ரோவுக்கு 19 கோல் அடித்து, பிரேசில் லீகில் அதிக கோல் அடித்தவரானார். அந்தக் கிளப்புக்கு 1971-க்குப் பிறகு முதல் லீக் பட்டம்.

எமர்சன் ஷேக் கதையும் அப்படித்தான். ஜப்பான், கத்தார், அமீரகம் என்று காசு பார்த்துவிட்டு வந்தவர் என்று பேசினார்கள். 2010-ல் ஃப்ளுமினென்ஸே, 2011-ல் கொரிந்தியன்ஸ் என அடுத்தடுத்து லீக் பட்டம். தென் அமெரிக்கக் கிளப்புகளின் பெரிய கோப்பையான லிபர்டடோரெஸில், 2012 இறுதியின் இரண்டாவது ஆட்டத்தில் போகா ஜூனியர்ஸுக்கு எதிராக 2 கோல்.

பெயரைப் பார்த்து ஆளை மாற்றிக்கொள்வது

இது சின்ன விஷயம், ஆனால் அடிக்கடி நடப்பது. மிடில்ஸ்பரோவில் ஆடிய ஜூனின்யோ பவுலிஸ்தா வேறு, லியோனில் ஃப்ரீ கிக்கால் கோல்கீப்பர்களை மிரட்டிய ஜூனின்யோ பெர்னாம்புகானோ வேறு. 1996 ஒலிம்பிக்கில் சட்டையில் 'ரொனால்டின்யோ' என்று போட்டு ஆடியவர், நாம் ரொனால்டோ என்று அறிந்தவர். முழுப் பெயரையும் பிறந்த தேதியையும் ஒத்துப் பார்க்காமல் கோல் கணக்கைக் கூட்டாதீர்கள். தேதியும் சில சமயம் காலை வாரும். எமர்சன் ஷேக் 1978-ல் பிறந்தவர், ஆனால் நெடுநாள் 1981 என்றே ஆவணங்களில் இருந்தது.

வேறு நாட்டுச் சட்டை போட்டால் துரோகி என்பது

2004-ல் அயில்டன் உள்ளிட்ட சிலரைத் தன் தேசிய அணிக்கு இழுக்கக் கத்தார் முயன்றது. அந்த நாட்டோடு எந்த உறவும் இல்லாதவர் அதற்கு ஆட முடியாது என்று ஃபிஃபா உடனே தடுத்தது. 2008-ல் விதி இன்னும் இறுகியது, 18 வயதுக்குப் பிறகு 5 ஆண்டு அங்கே வாழ்ந்திருக்க வேண்டும் என்று அப்போது ஆனது. அந்த அளவு வாழ்ந்தவர்களும் உண்டு. எடுவார்டோ ட சில்வா பதின்ம வயதிலேயே ஜாக்ரெபுக்குப் போய் அங்கேயே ஆளாகி, குரோஷியாவுக்கு ஆடினார். கோஸ்டா 2013-ல் பிரேசிலுக்கு இரண்டு நட்பு ஆட்டங்கள் ஆடியிருந்தும் ஸ்பெயினுக்கு மாறினார். நட்பு ஆட்டம் ஒருவரைக் கட்டிப்போடாது என்பதால் விதி இடம் கொடுத்தது. இளமையில் சொந்த நாடு ஏறெடுத்தும் பார்க்காத ஆள் அவர். கோபப்படும் உரிமை அவருக்கும் உண்டுதானே?

பெரிய பெயருக்கு மயங்குவது

சென்னையின் எஃப்.சி. 2014-ல் எலானோவைக் கொண்டு வந்தது. 2010 உலகக் கோப்பையில் பிரேசிலுக்காக 2 கோல் அடித்தவர். இங்கேயும் 8 கோலோடு அந்த சீசனில் அதிக கோல் அடித்தவர் ஆனார், குறை சொல்ல முடியாது. ஆனால் அணி அரையிறுதியோடு நின்றது. 2018 மார்ச் 17 அன்று பெங்களூருவில் நடந்த இறுதியில் சென்னை 3-2 என்று வென்றபோது மூன்று கோலும் பிரேசில்காரர்கள் அடித்ததுதான். தடுப்பாட்டக்காரர் மைல்சன் ஆல்வெஸ் தலையால் முட்டி 2, ரஃபேல் அகஸ்டோ 1. இரண்டு பேரும் உலகக் கோப்பை வாசலைக்கூடப் பார்க்காதவர்கள்.

பாதியில் கிளம்பியவர் மீதே பழி போடுவது

"ஒப்பந்தம் இருக்கும்போதே ஓடிவிட்டான்" என்ற வரி அடிக்கடி காதில் விழும். சம்பளம் வந்ததா என்று யாரும் கேட்பதில்லை. ஆட்டக்காரர்களின் சர்வதேசச் சங்கமான ஃபிஃப்ப்ரோ 2016-ல் வெளியிட்ட ஆய்வில், முந்தைய இரண்டு சீசன்களில் சம்பளம் தாமதமானதாக 41 சதவீதம் பேர் சொன்னார்கள். 2018 முதல் ஃபிஃபா விதியே தெளிவாக இருக்கிறது. இரண்டு மாதச் சம்பளம் பாக்கி வைத்தால், ஆட்டக்காரர் எழுத்தில் நோட்டீஸ் கொடுத்து 15 நாள் பொறுத்துப் பார்க்கலாம். அப்போதும் பணம் வராவிட்டால் ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு கிளம்பலாம், அது அவர் குற்றம் ஆகாது. பாக்கிக்கு ஃபிஃபாவின் தீர்ப்பாயத்தில் 2 ஆண்டுக்குள் வழக்குப் போட வேண்டும். தீர்ப்பு வரும்போது அவர் இன்னும் இரண்டு கிளப் மாறியிருப்பார்.