வணிக வழக்கைச் சமரச மனு மூலம் முடிப்பது எப்படி?

சரக்குப் பாக்கிக்காகப் போட்ட வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே இரு தரப்பும் ஒரு தொகைக்கு ஒத்துவந்துவிட்டால், உரிமையியல் விசாரணை முறைச் சட்டத்தின் கட்டளை 23, விதி 3-இன்படி சமரச மனு தாக்கல் செய்து, அதன் அடிப்படையில் தீர்ப்பாணை (வழக்கை முடித்து நீதிமன்றம் தரும் ஆணை, ‘டிகிரி’) பெறலாம். ‘வழக்கை வாபஸ் வாங்குங்கள், பணம் தானாக வந்து சேரும்’ என்ற வாய்ச்சொல்லை நம்பிவிட வேண்டாம். நீதிமன்றத்தின் அனுமதி பெறாமல் திரும்பப் பெற்ற வழக்கை, அதே கோரிக்கைக்காக மீண்டும் தொடுக்க முடியாது.

முதலில், கையெழுத்திடுபவருக்கு அதற்கான அதிகாரம் இருக்கிறதா என்று பாருங்கள். 1976ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பின், சமரசம் எழுத்தில் இருக்க வேண்டும், தரப்பினர் கையொப்பமிட்டிருக்க வேண்டும். எதிர்த்தரப்பு கம்பெனியாக இருந்தால் இயக்குநர் குழுத் தீர்மானத்தின் நகலைக் கேட்டு வாங்குங்கள். கூட்டாண்மை நிறுவனமாக இருந்தால் எல்லாப் பங்குதாரர்களிடமும் கையெழுத்து வாங்குவதே பாதுகாப்பு. ஏனெனில் கூட்டாண்மைச் சட்டத்தின் 19ஆம் பிரிவு, நிறுவனத்தின் கோரிக்கையைச் சமரசம் செய்துகொள்ளும் அதிகாரத்தைத் தனியொரு பங்குதாரருக்குத் தானாகத் தருவதில்லை.

அடுத்தது நிபந்தனைகளை எழுதுவது. அதிகக் கவனம் வேண்டிய இடம் இதுவே. நூல் வியாபாரி ஒருவருக்குப் பின்னலாடை நிறுவனம் 9,00,000 ரூபாய் தர வேண்டியிருக்கிறது, 7,50,000 ரூபாயை ஐந்து தவணைகளில் பெற்றுக்கொள்ள அவர் இசைகிறார் என்று வைத்துக்கொள்வோம். ‘7,50,000 தர வேண்டும், தவறினால் கூடுதலாக 1,50,000 தர வேண்டும்’ என்று எழுதினால், அந்தக் கூடுதல் தொகை வெறும் அபராதம், அதைத் தர வேண்டியதில்லை என்று பின்னால் வாதிட இடம் கிடைத்துவிடும். அதற்குப் பதிலாக இப்படி எழுதலாம்: ‘பிரதிவாதி வாதிக்கு 9,00,000 ரூபாய் தர வேண்டியிருப்பதை ஒப்புக்கொள்கிறார், கீழ்க்கண்ட தேதிகளில் தவறாமல் 7,50,000 ரூபாய் செலுத்தினால் வாதி மீதியைத் தள்ளுபடி செய்வார், எந்தத் தவணை தவறினாலும் இச்சலுகை நீங்கி, செலுத்தியது போக முழுப் பாக்கியும் வட்டியுடன் உடனே வசூலிக்கத்தக்கதாகும்.’ ஒவ்வொரு தவணையின் தேதி, தொகை, வங்கிக் கணக்கு, வட்டி விகிதம் ஆகியவற்றையும் மனுவிலேயே குறிப்பிடுங்கள். இதே பாக்கி தொடர்பாகக் காசோலை மோசடி வழக்கு நிலுவையில் இருந்தால், அதை எப்போது, எப்படி முடித்துக்கொள்வது என்பதையும் சேர்த்து எழுதுங்கள்.

வழக்கில் சம்பந்தப்படாத நிலமோ கட்டடமோ சமரசத்துக்குள் வந்தால், அந்தத் தீர்ப்பாணையைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்ய வேண்டிவரும் என்பதை வழக்குரைஞரிடம் முன்பே பேசிக்கொள்ளுங்கள்.

மனுவைத் தாக்கல் செய்த பின், குறித்த நாளில் இரு தரப்பும் நேரில் வருவது நல்லது. சமரசம் சட்டப்படி செல்லத்தக்கதுதானா என்பதில் நீதிபதி நிறைவடைந்த பிறகே அது பதிவு செய்யப்பட்டுத் தீர்ப்பாணையாகும். அதன்மேல் மேல்முறையீடு கிடையாது. சமரசம் செல்லாது என்று தனி வழக்கும் போட முடியாது. ஆகவே, முழுதும் படித்துப் புரிந்துகொள்ளாமல் கையெழுத்திடாதீர்கள்.

தமிழ்நாட்டில், நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 69-ஏ பிரிவின்படி, வழக்கு சமரசமாக முடிந்தால், செலுத்திய கட்டணத்தைத் திரும்பக் கேட்டு வாதி மனுச் செய்யலாம். தரப்பினர் தாங்களாகவே வெளியில் பேசித் தீர்த்துக்கொண்டாலும் இது பொருந்தும் என்று 2021இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது.

தவணை தவறினால், தீர்ப்பாணையைக் கொண்டு வாதி நேரே நிறைவேற்று மனு (தீர்ப்பாணைப்படி பணத்தை வசூலித்துத் தரக் கோரும் மனு) போடலாம். அதற்கு 12 ஆண்டுகள் வரை அவகாசம் உண்டு. பணம் கட்டும் பிரதிவாதி, கையில் ரொக்கமாகக் கொடுக்காமல் வங்கி வழியே செலுத்தி, அதை நீதிமன்றத்தில் பதிவு செய்துகொள்ள வேண்டும். பதிவாகாத தொகையை நிறைவேற்று நீதிமன்றம் கணக்கில் எடுத்துக்கொள்ளாது.